வெள்ளரிக்காய் டீ சாண்ட்விச்: பிரெட் ஊறிப்போகாமல் செய்யும் முறை

வெள்ளரிக்காய் சாண்ட்விச் கெட்டுப்போவதற்குப் பெரும்பாலும் ஒரே காரணம் தண்ணீர். வெள்ளரிக்காயின் எடையில் சுமார் 95 சதவீதம் தண்ணீர்தான். வில்லையாகச் சீவியதுமே அது கசியத் தொடங்கும். உப்பு பட்டால் இன்னும் வேகமாக வெளியே வரும். பக்கத்தில் இருப்பதோ ஈரத்தைக் கண்டதும் உறிஞ்சிக்கொள்ளும் மெல்லிய வெள்ளை பிரெட். அடுக்கும்போது அழகாக இருந்த சாண்ட்விச், விருந்தாளி கையில் எடுக்கும்போது அடிப்பக்கம் சொதசொதவென்று ஊறி, நடுவில் தொய்ந்து, காய் நழுவி விழுவது இதனால்தான். காய்க்கு உப்புப் பிசறுவது, துணியில் ஒற்றுவது, வெண்ணெய் தடவுவது, இலைகளை உலர்த்துவது என்று கீழே வரும் ஒவ்வொரு வேலையும் அந்தத் தண்ணீரை அடக்கி வைப்பதற்கான வேலை. அதை மனதில் வைத்துச் செய்தால், மூன்று மணி நேரம் கழித்தும் பிரெட் ஊறாது, ஓரம் காயாது, காய் மொறுமொறுப்பாக இருக்கும்.

இது இங்கிலாந்தின் பிற்பகல் தேநீர் மேசையைச் சேர்ந்த பண்டம். 1840-களில் பெட்ஃபோர்ட் சீமாட்டி அன்னா மரியா ரஸ்ஸல், மதிய உணவுக்கும் பிந்தி வரும் இரவு உணவுக்கும் நடுவே தேநீரும் சிறு தின்பண்டமும் எடுத்துக்கொள்ளும் பழக்கத்தைப் பரப்பினார் என்பார்கள். வயிற்றை நிரப்புவது நோக்கமில்லை, இரவு உணவு வரை தாங்க வேண்டும், அவ்வளவுதான். அதனால்தான் ஓரம் நீக்கிய மெல்லிய பிரெட், இரண்டு மூன்று கடியில் முடியும் அளவு, கையில் ஒட்டாத உள்ளீடு. அந்தக் காலத்து இங்கிலாந்தில் நல்ல வெள்ளரிக்குக் கண்ணாடிக் குடில் வேண்டும். ரயில் எஞ்சின்களுக்குப் பெயர்போன ஜார்ஜ் ஸ்டீபன்சன், கடைசிக் காலத்தில் செஸ்டர்ஃபீல்டிலுள்ள டாப்டன் ஹவுஸ் தோட்டத்தில் கண்ணாடிக் குழாய்க்குள் விட்டு வெள்ளரியை வளைவில்லாமல் வளர்த்தார். சீவ உட்கார்ந்தால் நேரான காயின் அருமை தெரியும். வளைந்த காய் ஒரே கனத்தில் வராது.

மிகப் பழைய முறையில் வெண்ணெய், வெள்ளரி, உப்பு, வெள்ளை மிளகு மட்டும்தான். இங்கே சொல்வது க்ரீம் சீஸில் இலைகளைக் கலந்து தடவும் முறை. வெண்ணெய் மட்டும் போட்ட பழைய முறைக்கும் காயைப் பதப்படுத்துவதும் அடுக்குவதும் இதேதான்.

தேவையானவை

கீழே உள்ள அளவுக்கு 6 முழு சாண்ட்விச், அதாவது 18 விரல் துண்டுகள் வரும். கேக்கும் வேறு தின்பண்டமும் உடன் இருந்தால் 6 பேருக்குப் போதும்.

வெள்ளை சாண்ட்விச் பிரெட் – 12 ஸ்லைஸ்
வெள்ளரிக்காய் – 350 கிராம்
தூள் உப்பு – தலைதட்டி அரை டீஸ்பூன் (காய்க்கு)
உப்பில்லாத வெண்ணெய் – 45 கிராம்
க்ரீம் சீஸ் – 150 கிராம்
தண்ணீர் வடித்த கெட்டித் தயிர் – 1 டேபிள்ஸ்பூன்
டில் இலை (சதகுப்பைக் கீரை), பொடியாக நறுக்கியது – 2 டேபிள்ஸ்பூன்
வெங்காயத்தாளின் பச்சைப் பகுதி, பொடியாக நறுக்கியது – 1 டேபிள்ஸ்பூன்
புதினா – 8 முதல் 10 இலை
எலுமிச்சைத் தோல் துருவல் – கால் டீஸ்பூன்
எலுமிச்சைச் சாறு – அரை டீஸ்பூன், அதற்கு மேல் வேண்டாம்
வெள்ளை மிளகுத் தூள் – கால் டீஸ்பூன், மேலே தூவ இன்னும் கொஞ்சம்

பிரெட்

பேக்கரியில் கேட்கும்போது சாண்ட்விச் பிரெட் என்று கேட்டு வாங்குங்கள். இலங்கையில் சாண்ட்விச் பாண். தட்டையாக, மொறுமொறுவென்று சுடும் ரோஸ்ட் பாண் இதற்கு ஆகாது. ஸ்வீட் பிரெட்டும் மில்க் பிரெட்டும் இனிப்பு தூக்கலாக இருக்கும், வெள்ளரியின் மென்மையான வாசனை அதில் அமுங்கிவிடும். துளைகள் சிறியதாக, நெருக்கமாக இருக்க வேண்டும். பெரிய துளை இருந்தால் வெண்ணெய் அந்த இடத்தை மூடாது, ஈரம் அதன் வழியே இறங்கிவிடும்.

அன்று காலையில் சுட்ட பிரெட்டைவிட முந்தைய நாள் பிரெட் நல்லது. புது பிரெட் கத்தி பட்டால் நசுங்கும், வெண்ணெய் தடவும்போது பிய்ந்து வரும். ஸ்லைஸ் கனம் 8 மில்லிமீட்டர் இருந்தால் மிகச் சரி. கடையில் கிடைப்பது பெரும்பாலும் 10 முதல் 12 மில்லிமீட்டர். அதுவே இருந்தாலும் பாதகமில்லை, ஆனால் 12-க்கு மேல் போனால் வாயில் பிரெட் மட்டும்தான் தெரியும். வெட்டாத முழு பிரெட் கிடைத்தால் அரை மணி நேரம் ஃப்ரீசரில் வைத்து எடுத்து நீங்களே சீவிக்கொள்ளலாம். இறுகிய பிரெட் உதிராமல் மெல்லியதாக வரும்.

கோதுமை பிரெட் விரும்புகிறவர்கள் தாராளமாகப் போடலாம். மேல் ஸ்லைஸ் வெள்ளை, கீழ் ஸ்லைஸ் கோதுமை என்று வைத்தால் தட்டில் பார்க்கவும் நன்றாக இருக்கும். விதைகள் பதித்த பிரெட் மட்டும் வேண்டாம். வெட்டும்போது விதை கத்தியில் மாட்டி உள்ளீட்டை இழுத்துவிடும்.

வெள்ளரிக்காய்: இங்கேதான் வேலை அதிகம்

சூப்பர் மார்க்கெட்டில் பிளாஸ்டிக் உறை போட்டு வரும் நீளமான இங்கிலீஷ் வெள்ளரி கிடைத்தால் வேலை பாதி குறையும். தோல் மெல்லியது, விதை இல்லாததுபோல் இருக்கும், ஒரு காயே 300 முதல் 350 கிராம் வரும். நம் சந்தையில் கிடைக்கும் சாதாரண வெள்ளரியிலும் செய்யலாம். கையில் எடுத்தால் கனமாக, அழுத்தினால் விட்டுக்கொடுக்காமல், நுனி சுருங்காமல் இருக்கிற நடுத்தரக் காய் இரண்டு எடுங்கள். மஞ்சள் பாரித்த காயை ஒதுக்கிவிடுங்கள், உள்ளே விதை முற்றி, சுற்றியுள்ள சதை கொழகொழவென்று இருக்கும். வெள்ளரிப் பிஞ்சு கிடைக்கும் பருவத்தில் அதுதான் முதல் தேர்வு. விதையெடுக்கும் வேலையே இல்லை, மொறுமொறுப்பும் அதிகம். சாம்பார் வெள்ளரி இதற்கு வேண்டாம்.

கசப்பைப் பற்றி முன்பே தெரிந்துகொள்வது நல்லது. வெள்ளரியில் கசப்பைத் தருவது குகுர்பிட்டாசின் என்ற பொருள். அது காம்புப் பக்கத்திலும் தோலுக்குச் சற்று கீழேயும்தான் கூடுதலாக இருக்கும். முனையை வெட்டித் தேய்த்து நுரை எடுத்தால் கசப்பு போய்விடும் என்று நம்பி விட்டுவிடாதீர்கள். காம்புப் பக்கம் 2 சென்டிமீட்டர் வெட்டி எறிந்துவிட்டு, அடுத்த வில்லையைச் சீவி வாயில் போட்டுப் பாருங்கள். கசந்தால் இன்னும் கொஞ்சம் வெட்டுங்கள். நடுப்பகுதியும் கசந்தால் அந்தக் காயையே மாற்றிவிடுங்கள். ஒரு கசப்பு வில்லை அந்தத் துண்டு முழுவதையும் கெடுக்கும்.

இங்கிலீஷ் வெள்ளரி என்றால் தோலைப் பட்டை விட்டுப் பட்டையாகச் சீவலாம், பச்சைக் கோடு அழகாகத் தெரியும். நாட்டுக் காயின் தோல் தடிமன், முழுக்கச் சீவிவிட வேண்டும். விதையுள்ள காயை நீளவாக்கில் இரண்டாகப் பிளந்து, டீஸ்பூனின் முனையால் விதைப் பகுதியை ஒரே இழுப்பில் வழித்தெடுங்கள். காயிலேயே அதிக ஈரம் சுமப்பது அந்தப் பகுதிதான். தோலும் விதையும் போக 220 முதல் 240 கிராம் சதை கையில் இருக்க வேண்டும். விதை அதிகமுள்ள காய் என்றால் 400 கிராமாக வாங்கிக்கொள்ளுங்கள்.

வில்லையின் கனம் 2 மில்லிமீட்டர். ஒரு வில்லையை அச்சடித்த தாளின் மேல் வைத்தால் கீழே எழுத்து மங்கலாகத் தெரியும், அதுதான் பதம். அதைவிட மெல்லிதாகப் போனால் உப்புப் பட்டதும் துவண்டு கடிக்கும்போது ஒன்றுமே தெரியாது. 4 மில்லிமீட்டர் ஆகிவிட்டால் விறைத்து நிற்கும், கடிக்கும்போது வில்லை முழுசாக வெளியே இழுபடும். சிப்ஸ் சீவும் கட்டை இருந்தால் ஒரே சீராக வரும். கடைசி 3 சென்டிமீட்டரைக் கையால் பிடித்துச் சீவாதீர்கள், கைக்காப்பு இல்லாத கட்டையில் விரல் நுனி போய்விடும்.

சீவியதை வடிகட்டும் கூடையில் பரப்பி, அரை டீஸ்பூன் உப்பை இரண்டு தடவையாகத் தூவி விரலால் லேசாகப் பிசறுங்கள். கீழே ஒரு கிண்ணம் வையுங்கள். 20 நிமிடம். உப்பு வெளியே இருக்கும்போது காயின் உள்ளே இருக்கும் தண்ணீர் அதை நோக்கி வெளியேறும். பிறகு பிரெட்டுக்குள் கசிய வேண்டிய ஈரத்தின் பெரும்பங்கு இப்போதே கிண்ணத்தில் விழுந்துவிடும். ஒரு மணி நேரம் விட்டுவிட்டால் வில்லை துவண்டு ஊறுகாய்ப் பதத்துக்குப் போய்விடும், உப்பும் ஏறிவிடும். 10 நிமிடத்தில் எடுத்தால் மீதி ஈரம் சாண்ட்விச்சுக்குள் வடியும்.

அடுத்து ஒற்றுவது. பழைய வேட்டித் துணியோ சுத்தமான பருத்தித் துண்டோ விரித்து, வில்லைகளை ஒன்றன்மேல் ஒன்று ஏறாமல் பரப்பி, மேலே இன்னொரு துணியைப் போட்டு உள்ளங்கையால் அழுத்துங்கள். முறுக்கிப் பிழிய வேண்டாம், பிழிந்தால் செல்கள் உடைந்து மொறுமொறுப்பு போய்விடும். துணி நனைந்துவிட்டால் வேறு துணியில் ஒருமுறை. கடைசியாக ஒரு டிஷ்யூ தாளை நாலைந்து வில்லைகளின் மேல் வைத்து அழுத்திப் பாருங்கள். தாளில் வட்டவட்டமாக ஈரம் படர்ந்தால் இன்னும் ஒற்ற வேண்டும். இந்தச் சோதனையைத் தவிர்த்தால் மற்ற எதைச் சரியாகச் செய்தாலும் பலன் இருக்காது. கழுவிவிட்டு ஒற்றலாமா என்றால், வேண்டாம். கழுவினால் காய் மறுபடியும் தண்ணீரை இழுத்துக்கொள்ளும். உப்பு அதிகம் என்று தோன்றினால் அடுத்த முறை காய்க்கு உப்பைக் குறையுங்கள்.

இலை கலந்த க்ரீம் சீஸ்

க்ரீம் சீஸும் சீஸ் ஸ்பிரெட்டும் ஒன்றல்ல. டப்பாவில் வரும் சீஸ் ஸ்பிரெட் உப்பு அதிகம், இளகலானது, இதில் போட்டால் வெள்ளரியின் சுவையே தெரியாது. 150 கிராம் க்ரீம் சீஸை ஃப்ரிஜ்ஜிலிருந்து எடுத்து 20 நிமிடம் வெளியே வைத்து, ஸ்பேச்சுலாவாலோ மரக் கரண்டியாலோ மசித்துவிடுங்கள். மிக்ஸியில் அடிக்க வேண்டாம். அதிகம் அடித்தால் இளகிவிடும், பிறகு எதைச் சேர்த்தாலும் கெட்டிப்படாது.

கடையில் க்ரீம் சீஸ் கிடைக்காத ஊரில், முழுக்கொழுப்புப் பாலில் உறையூற்றிய புளிக்காத தயிர் 500 கிராம் எடுத்து, கால் டீஸ்பூன் உப்புச் சேர்த்து, துணியில் கட்டி, வடிகட்டியின் மேல் வைத்து ஃப்ரிஜ்ஜுக்குள் 12 முதல் 18 மணி நேரம் விட்டுவிடுங்கள். குழாயில் கட்டித் தொங்கவிட்டால் நம் வெயிலுக்குத் தயிர் புளித்துவிடும். ஏறத்தாழ 200 கிராம் கெட்டித் தயிர் கிடைக்கும். கரண்டியில் எடுத்துக் கவிழ்த்தால் விழாமல் நிற்க வேண்டும். இதைப் பயன்படுத்தும்போது எலுமிச்சைச் சாறும் மேலே சொன்ன ஒரு டேபிள்ஸ்பூன் தயிரும் தேவையில்லை, புளிப்பு அதிலேயே இருக்கிறது. வடிந்த தண்ணீரைச் சப்பாத்தி மாவுக்கு ஊற்றிக்கொள்ளலாம்.

இலைகளில் முதன்மையானது டில். வெள்ளரிக்கு அதைப்போல் பொருந்தும் இலை வேறில்லை. சந்தையில் சதகுப்பைக் கீரை, சோயிக்கீரை என்று கேட்டால் கிடைக்கும். பெங்களூரு, ஓசூர் பக்கம் சப்பசிகே. தடித்த தண்டை நீக்கி, நார்போன்ற மெல்லிய இலைகளை மட்டும் எடுங்கள். டில் கிடைக்காவிட்டால் பார்ஸ்லியை அதே அளவில் போடலாம். இங்கிலாந்தில் போடும் சைவ்ஸ் (மெல்லிய தாள் உள்ள வெங்காய வகை) எளிதில் கிடைக்காது, வெங்காயத்தாளின் பச்சை நுனி அந்த வேலையைச் செய்யும். வெள்ளைப் பகுதியைச் சேர்த்தால் வெங்காய நெடி மேலோங்கும். கொத்தமல்லியைச் சேர்க்கத் தோன்றும். சேர்த்தால் அதுவும் நன்றாகத்தான் இருக்கும், ஆனால் பச்சைமிளகாயோடு சேர்ந்து அது பம்பாய் சாண்ட்விச்சின் சுவைக்குப் போய்விடும். அது வேறு பண்டம். பூண்டும் வேண்டாம். பச்சைப் பூண்டின் காரம் ஃப்ரிஜ்ஜில் இருக்க இருக்க ஏறும், தேநீருக்கு ஒத்துவராது.

இலைகளைக் கழுவி நன்றாக உதறி, துணியில் அரை மணி நேரம் பரப்பி வையுங்கள். ஈர இலை சேர்ந்தால் க்ரீம் சீஸ் ஒரு மணி நேரத்தில் நீர்த்துவிடும். கூர்மையான கத்தியால் நறுக்குங்கள், ஒரே இடத்தில் மீண்டும் மீண்டும் கொத்தாதீர்கள். புதினா நசுங்கினால் காற்றுப்பட்டுக் கறுத்துவிடும். அதனால் புதினா இலைகளை அடுக்கிச் சுருட்டி, மெல்லிய நாராக ஒரே முறை அரிந்து, கடைசியில் சேர்க்க வேண்டும். மிக்ஸியில் அரைத்தால் என்ன ஆகும் என்றால், இலைச்சாறு இறங்கிப் பசை பச்சையாக மாறும், தளரும், லேசாகக் கசக்கவும் செய்யும். தடவியதில் வெள்ளைக்கு நடுவே இலைகள் தனித்தனியாகத் தெரிய வேண்டும்.

எலுமிச்சைத் தோலைத் துருவும்போது நம் ஊர்ப் பழத்தின் தோல் மிக மெல்லியது என்பதை மறக்காதீர்கள். மேலோட்டமாக ஒரே இழுப்பு. வெள்ளைப் பகுதி வந்தால் கசக்கும். வாசனை முழுக்கத் தோலில்தான், சாற்றில் புளிப்பு மட்டுமே, அதனால் சாறு அரை டீஸ்பூனோடு நிற்கட்டும். எல்லாம் கலந்து, மிளகுத் தூள் போட்டு, மூடி, ஃப்ரிஜ்ஜில் குறைந்தது அரை மணி நேரம் வையுங்கள். இலையின் வாசனை கொழுப்பில் இறங்க அந்த நேரம் தேவை. உப்பை அதற்குப் பிறகு ருசி பார்த்து முடிவு செய்யுங்கள். ருசி பார்க்கும்போது உப்பிட்ட வெள்ளரி வில்லை ஒன்றை உடன் வைத்துக் கடித்துப் பாருங்கள். பெரும்பாலும் தனியாக உப்பே வேண்டியிருக்காது.

வெண்ணெய் எதற்கு?

க்ரீம் சீஸ் இருக்கிறதே, வெண்ணெயும் வேண்டுமா என்று கேட்பார்கள். வேண்டும். க்ரீம் சீஸில் பாதிக்கு மேல் தண்ணீர். அதுவே பிரெட்டை மெல்ல நனைக்கும். வெண்ணெயில் 80 சதவீதம் கொழுப்பு, பிரெட்டின் துளைகளை அடைத்து ஈரத்தைத் தடுத்து நிறுத்துவது அதுதான். ஆனால் மெல்லிய படலம் போதும்: ஒரு ஸ்லைஸுக்கு முக்கால் டீஸ்பூன், 3 முதல் 4 கிராம்.

படலம் மூலை முதல் மூலை வரை போக வேண்டும். நடுவில் மட்டும் தடவி ஓரத்தை விட்டால் ஊறுவது ஓரத்திலிருந்துதான் தொடங்கும். வெண்ணெய் விரலால் அழுத்தினால் குழிவிழும் பதத்தில் இருக்க வேண்டும். சித்திரை, வைகாசி வெயிலில் வெளியே எடுத்து 10 நிமிடம் போதும், அதற்கு மேல் விட்டால் உருகி எண்ணெயாகிவிடும். உருகிய வெண்ணெய் படலமாக நிற்காது, பிரெட்டுக்குள் இறங்கிவிடும். தடுப்பும் போய், பிரெட் எண்ணெய்ப் பிசுக்காகிவிடும். மார்கழிக் குளிரிலோ ஊட்டியிலோ முக்கால் மணி நேரம் ஆகலாம்.

அடுக்குவது

ஸ்லைஸ்களைப் பிரெட்டில் இருந்த வரிசையிலேயே இரண்டிரண்டாக எடுத்து, புத்தகத்தைத் திறப்பதுபோல் விரித்து வையுங்கள். அடுத்தடுத்த ஸ்லைஸ்களின் வடிவம் ஒத்துப்போவதால் மூடும்போது ஓரங்கள் சேரும். ஓரத்தை இப்போது நீக்க வேண்டாம். தடவும்போதும் அழுத்தும்போதும் பிரெட்டின் வடிவத்தைப் பிடித்து வைத்திருப்பது அந்த ஓரம்தான்.

12 ஸ்லைஸிலும் வெண்ணெய். அதன் மேல் 12 ஸ்லைஸிலும் இலை கலந்த க்ரீம் சீஸ், ஒவ்வொன்றுக்கும் ஏறத்தாழ 12 கிராம், அதாவது நிரம்பாத ஒரு டேபிள்ஸ்பூன். ஒரு பக்கம் மட்டும் தடவினால் காய் அந்தப் பக்கம் ஒட்டும், மறுபக்கம் வழுக்கும்; கடிக்கும்போது மேல் ஸ்லைஸ் தனியே வந்துவிடும். இரண்டு பக்கமும் தடவினால் காய் நடுவில் பிடித்துக்கொண்டு நிற்கும்.

வில்லைகளை மீன் செதில்போல் ஒன்றின் பாதியை அடுத்தது மூடும்படி அடுக்குங்கள். ஒரு சாண்ட்விச்சுக்கு 30 கிராம், இரண்டு வில்லைக் கனம். வரிசை எந்தத் திசையில் போகிறது என்பதைக் கவனியுங்கள். விரல் துண்டாக வெட்டப்போகிறீர்கள் என்றால், வெட்டப்போகும் கோட்டுக்கு இணையாக மூன்று வரிசை. அப்போது ஒவ்வொரு துண்டுக்கும் ஒரு முழு வரிசை கிடைக்கும், கத்தி பெரும்பாலும் வரிசைகளின் நடுவே இறங்கும். விதை எடுத்த காயின் வில்லை பிறை வடிவில் வரும். பிறைகளின் வளைவெல்லாம் ஒரே பக்கம் பார்க்க வைத்தால் இடைவெளி விழாது. மேலே வெள்ளை மிளகை ஒரு சிட்டிகை தூவி மூடுங்கள். கறுப்பு மிளகும் போடலாம், காரம் சற்றுத் தூக்கலாகத் தெரியும்.

மூடியதும் உள்ளங்கையை விரித்து ஒரே சீராக, மென்மையாக ஒருமுறை அழுத்துங்கள். இரண்டிரண்டாக அடுக்கி, தண்ணீரில் நனைத்து இறுகப் பிழிந்த மெல்லிய துணியால் சுற்றி, டப்பாவில் வைத்து மூடி, 30 நிமிடம் ஃப்ரிஜ்ஜில். வெண்ணெயும் க்ரீம் சீஸும் இறுகி எல்லாவற்றையும் ஒன்றாகப் பிடித்துக்கொள்ளும். இந்த அரை மணி நேரத்தை மிச்சம் பிடித்து உடனே வெட்டினால் காய் பிதுங்கி வெளியே வரும்.

வெட்டுவது

பல் வைத்த நீளமான பிரெட் கத்தி வேண்டும். கீழ்நோக்கி அழுத்தாமல், முன்னும் பின்னும் இழுத்து அறுப்பதுபோல் இறக்குங்கள். முதலில் நான்கு ஓரங்கள். ஒவ்வொரு வெட்டுக்கும் பிறகு ஈரத் துணியால் கத்தியைத் துடைக்க வேண்டும், இல்லையென்றால் கத்தியில் ஒட்டிய க்ரீம் சீஸ் அடுத்த துண்டின் வெள்ளை ஓரத்தில் பூசிக்கொள்ளும். ஓரம் போக ஏறத்தாழ 9 சென்டிமீட்டர் சதுரம் கிடைக்கும். அதை 3 சென்டிமீட்டர் அகலத்தில் மூன்று விரல்களாக வெட்டலாம், அல்லது குறுக்காக இரண்டு முறை வெட்டி நான்கு முக்கோணம். முக்கோணத்தின் கூர்முனை சீக்கிரம் காயும், அதனால் நேரமெடுக்கும் விருந்துக்கு விரல் துண்டே நல்லது. வெட்டிய ஓரங்களைக் குறைந்த தீயில் வறுத்துப் பொடித்தால் கட்லெட்டுக்கு ஆகும்.

எப்போது செய்வது, எவ்வளவு நேரம் தாங்கும்

4 மணிக்குத் தேநீர் என்றால், இலை கலந்த க்ரீம் சீஸை முந்தைய இரவே கலந்து வைக்கலாம், புதினாவை மட்டும் அன்று சேர்த்தால் போதும். காய் சீவுவதை 1.45-க்குத் தொடங்குங்கள். 2.30-க்கு அடுக்கி முடித்து ஃப்ரிஜ்ஜில் வைத்துவிட்டால், 3.30-க்கு வெட்டி, 3.50-க்குத் தட்டில் அடுக்கலாம். ஃப்ரிஜ் குளிர்ச்சியில் வெள்ளரியின் வாசனை அமுங்கிக் கிடக்கும், பரிமாறும் முன் 10 நிமிடம் வெளியே இருப்பது நல்லது.

வெட்டிய சாண்ட்விச்சைக் காத்திருக்க வைக்க வேண்டியிருந்தால், பிழிந்த ஈரத் துணியைப் போர்த்தி, மூடியுள்ள டப்பாவில் ஃப்ரிஜ்ஜில் வையுங்கள். வெறுமனே வைத்தால் ஓரம் விறைத்துச் சுருளும். துணியிலிருந்து சொட்டு விழுந்தால் மேல்பக்கம் நனையும், ஆகவே முடிந்தவரை இறுகப் பிழிந்திருக்க வேண்டும். அடுக்கியதிலிருந்து 3 மணி நேரம் வரை சுவை மாறாது, 4 மணி நேரம் வரை சாப்பிடலாம். இரவே செய்து வைத்துக் காலையில் பரிமாறுவது சரிவராது. குளிரில் பிரெட்டின் மாவுச்சத்து இறுகிப் பிரெட் வறண்டுவிடும், காயோ மறுபடி கசிந்திருக்கும்.

மேசைக்கு வந்த பிறகு 2 மணி நேரத்துக்கு மேல் வெளியே விடக்கூடாது. பால் பொருள், சமைக்காத காய், கைபட்ட பண்டம். வெளியே 32 டிகிரி செல்சியஸுக்கு மேல் இருந்தால் 1 மணி நேரம்தான். தோட்டத்திலோ மொட்டை மாடியிலோ விருந்து வைத்தால் எல்லாவற்றையும் ஒரேயடியாகக் கொண்டுபோகாமல் பாதிப் பாதியாக எடுத்து வையுங்கள்.

சரியாக வராவிட்டால்

அடி ஸ்லைஸ் மட்டும் ஊறியிருந்தால் வெண்ணெய் ஓரம் வரை போகவில்லை. இரண்டு ஸ்லைஸும் ஊறியிருந்தால் காய் சரியாக உலரவில்லை. தடவும்போது பிரெட் கிழிந்தால் வெண்ணெய் கெட்டியாக இருக்கிறது. கரண்டியால் குழைத்துவிட்டுத் தடவுங்கள், சூடுபடுத்த வேண்டாம். க்ரீம் சீஸ் தளர்ந்துவிட்டால் பெரும்பாலும் இலை ஈரமாக இருந்திருக்கும், அல்லது எலுமிச்சைச் சாறு கூடிப்போயிருக்கும். ஒரு மணி நேரம் ஃப்ரிஜ்ஜில் வைத்துப் பாருங்கள். அப்படியும் இறுகாவிட்டால் 20 கிராம் மிருதுவான வெண்ணெயை அதில் குழைத்துச் சேர்த்தால் குளிர்ந்ததும் கெட்டிப்படும். எல்லாம் சரியாக இருந்தும் சுவை சப்பென்று இருந்தால், குறை உப்பில் இல்லை, எலுமிச்சைத் தோலிலோ மிளகிலோ இருக்கும்.

தேநீர்

ஏலக்காய், இஞ்சி தட்டிப் போட்ட கெட்டி டீயின் முன் இந்தச் சாண்ட்விச் நிற்காது. பால் சேர்க்காத டார்ஜிலிங், நீலகிரி, அல்லது நுவரெலியாவின் இளநிறத் தேநீர் பொருத்தம். ஒரு கோப்பைக்கு 2 கிராம் தேயிலை, கொதிநீர் ஊற்றி 3 நிமிடம், அதற்குள் வடித்துவிட வேண்டும். மூன்றடுக்குத் தட்டில் சாண்ட்விச் கீழ்த்தட்டில் இருக்கும், சாப்பிடத் தொடங்குவதும் அங்கிருந்துதான்.

பெரிய விருந்துக்கு

30 பேருக்கு ஆளுக்கு 3 விரல் துண்டு என்றால் 90 துண்டு, 30 சாண்ட்விச், 60 ஸ்லைஸ். வெள்ளரி 1.75 கிலோ, க்ரீம் சீஸ் 750 கிராம், வெண்ணெய் 225 கிராம். இலைகளையும் மிளகையும் அப்படியே ஐந்து மடங்காக்கலாம். உப்பை ஐந்து மடங்காகக் கணக்கிட்டாலும் முழுவதையும் ஒரே கூடையில் கொட்டிப் பிசறாதீர்கள். அடியில் இருக்கும் காய் தண்ணீரிலேயே ஊறும், மேலே இருப்பதில் உப்பே படாது. 350 கிராம் காயாக ஐந்து பங்கு பிரித்து, 15 நிமிட இடைவெளி விட்டு ஒவ்வொன்றாக உப்பிடுங்கள். ஒரு பங்கை ஒற்றி அடுக்கி முடிக்கும்போது அடுத்தது வடிந்து தயாராக இருக்கும். தடவுவதற்கு ஒருவர், காய் அடுக்க ஒருவர் என்று இரண்டு பேர் இருந்தால் ஒன்றரை மணி நேரத்தில் முடித்துவிடலாம். துணிகளை மட்டும் கூடுதலாக எடுத்து வைத்துக்கொள்ளுங்கள், ஒரு பங்குக்கு இரண்டு உலர்ந்த துணி வேண்டியிருக்கும்.